கூரையும் சுடரும்: கிழக்குக் கரையில் வீட்டுத் தீயின் வரலாறு

மனிதன் தீயை ஆளக் கற்றமையே நாகரிகத்தின் தொடக்கம் எனக் கூறுவது மரபு. ஆயின், ஆளப்பட்ட தீ ஆண்டவனின் வீட்டையே எரித்த செய்திக்கு வரலாற்று நூல்களில் இடம் குறைவு. பெருநகர் எரிந்தால் அஃது ஏட்டில் ஏறும். மீனவன் வாடியும் உழவன் குடிலும் எரிந்தால் அச்செய்தி அயலவர் நினைவோடு மறைந்துவிடும். அவ்வாறு மறைந்த இழப்புகளை ஊழ் என்றும் கண்ணூறு என்றும் கூறி அமைவதும் எளிது. எனினும், வீட்டுத் தீக்குக் காரணங்கள் உண்டு. அக்காரணங்களுக்கு ஒரு வரலாறும் உண்டு. இலங்கையின் கிழக்குக் கரையில், கல்முனையிலிருந்து தெற்கே பொத்துவில், அறுகம்பே வரையுள்ள ஊர்களின் வீடுகளை ஆராயுமிடத்து, அவ்வரலாறு தெளிவாகப் புலப்படும். ஒரு காலத்துக் கூரையின் கீழ் வேறொரு காலத்துச் சுடர் வந்து சேர்ந்து, அதற்கேற்ற ஒழுங்கு மட்டும் வந்து சேராத இடங்களிலேயே பேரழிவு நேர்ந்துள்ளது.

நிலமும் காற்றும்

கல்முனை, சாய்ந்தமருது, காரைதீவு, நிந்தவூர், ஒலுவில், அட்டாளைச்சேனை, அக்கரைப்பற்று, தம்பிலுவில், திருக்கோவில், கோமாரி, பொத்துவில் எனத் தமிழரும் முஸ்லிம்களும் அடுத்தடுத்து வாழும் ஊர்கள் இக்கரையில் அமைந்துள்ளன. 1961ஆம் ஆண்டு வரை மட்டக்களப்பு மாவட்டத்தின் பகுதியாயிருந்த இந்நிலம் அவ்வாண்டிலேயே அம்பாறை மாவட்டமாகப் பிரிக்கப்பட்டது. ஒருபுறம் கடல், மறுபுறம் வயலும் களப்பும், இடையே தென்னை செறிந்த மணல் நிலம் என்பதே இதன் பொது அமைப்பு.

இந்நிலம் மழையைப் பெரும்பாலும் கார்த்திகை முதல் தை வரை வடகீழ்ப் பருவக் காற்றினாலேயே பெறுகிறது. வைகாசி முதல் புரட்டாதி வரை மேற்கிலிருந்தும் தென்மேற்கிலிருந்தும் வீசுவது கச்சான் காற்று. அது மலைநாட்டில் மழையைப் பொழிந்துவிட்டு ஈரமற்று, வெம்மையுற்று இக்கரையை வந்தடைகிறது. அக்காலத்தில் ஓலை சருகாகும்; வேலி விறகாகும். ஒரு தீப்பொறி பறந்தால் அதனை அடுத்த வளவுக்குக் கொண்டு செல்லக் காற்று ஆயத்தமாக நிற்கும்.

இப்பகுதியின் வழிபாட்டு மரபிலும் இக்காலம் குறிக்கத்தக்கது. மதுரையை எரித்த கண்ணகியை அம்மனாகக் கொண்டு வழிபடும் கோயில்கள் காரைதீவிலும் தம்பிலுவிலிலும் உள்ளன. அம்மனின் சினத்தைத் தணிக்கும் குளிர்த்திச் சடங்கு வைகாசி மாதத்தில், அதாவது கச்சான் வீசத் தொடங்கும் பருவத்தில் நிகழ்கிறது. வீடுதோறும் சுடர் ஏற்றும் கார்த்திகை விளக்கீடோ கூரை நனைந்திருக்கும் மாரிக்காலத்தில் வருகிறது. இவ்விரண்டு விழாக்களும் தீயை அஞ்சியே இவ்வாறு அமைந்தன என்று துணிதல் ஆகாது. எனினும், நகர் எரிந்த கதையை ஆண்டுதோறும் நினைந்து குளிர்மை வேண்டிய மக்கள், தீயின் பருவத்தையும் நன்கு அறிந்திருந்தனர் எனக் கொள்வதில் தவறில்லை.

கிடுகுக் கூரையின் ஒழுங்கு

இக்கரையின் பழைய வீடு மண்சுவரும் கிடுகுக் கூரையும் கொண்டது. நீரில் ஊறவைத்துப் பின்னிய தென்னோலையே கிடுகு. அது வெயிலைத் தடுக்கும், குளிர்ச்சி தரும், செலவும் குறைவு. அதன் குறை யாவரும் அறிந்ததே: உலர்ந்த கிடுகில் தீப் பற்றினால் சில நிமிடங்களில் முகடு முழுவதும் எரிந்து விழும்.

எளிதில் எரியும் கூரையின் கீழ்ப் பல தலைமுறைகள் வாழ்ந்தமைக்குக் காரணம், அக்கூரையோடு கூடவே வளர்ந்த சில வழக்கங்களாகும். குசினி, உறங்கும் வீட்டிலிருந்து பிரிந்து வளவின் ஒரு பக்கத்தில் நின்றது. அடுப்பு தரையோடு தாழ அமைந்தது. சமையல் முடிந்ததும் கொள்ளியை வெளியே இழுத்து நீர் தெளித்து அணைப்பது பெண்களின் அன்றாடக் கடமையாயிருந்தது. கலியாணத்துக்கும் கந்தூரிக்கும் வேண்டிய பெருஞ்சமையல் திறந்த வெளியில் நடைபெற்றது. விளக்கு எரிந்ததோ தேங்காயெண்ணெயில். அவ்வெண்ணெய் இருநூறு பாகை செல்சியசுக்கு மேல் சூடாகும் வரை எளிதில் தீப்பற்றாது. ஆகவே விளக்கு கவிழ்ந்தால் பெரும்பாலும் சுடர் அணைந்துவிடும். கூரை ஆபத்தானது, அதன் கீழிருந்த சுடர் சாதுவானது. இவ்விரண்டிற்குமிடையே நிலவிய இந்த இசைவே பழைய வீட்டின் காவலாயிற்று.

மண்ணெண்ணெய் வந்தமை

இவ்விசைவைக் குலைத்த முதற்பொருள் மண்ணெண்ணெய். 1859ஆம் ஆண்டில் அமெரிக்காவின் பென்சில்வேனியாவில் எண்ணெய்க் கிணறு தோண்டப்பட்ட பின்னர், விளக்கெரிக்கும் இப்புதிய எண்ணெய் தகரங்களில் அடைக்கப்பட்டு உலகெங்கும் பரவியது. 1892ஆம் ஆண்டில் மார்க்கஸ் சாமுவேல் என்பாரின் மியூரெக்ஸ் என்னும் எண்ணெய்க் கப்பல் சூயெஸ் கால்வாய் வழியாகக் கீழைத் தேசங்களுக்கு வந்தது. அதன்பின் மண்ணெண்ணெயை மொத்தமாகக் கொணர்வது எளிதாயிற்று, விலையும் குறைந்தது. கிராமத்து ஏழையும் அதனை வாங்கலானான்.

எண்ணெயை வாங்க முடிந்தவன் கண்ணாடிச் சிமினி விளக்கை வாங்க இயலாதவனாயிருந்தான். வெற்றுப் போத்தலின் மூடியில் துளையிட்டுத் திரியைச் செருகினான். குப்பி விளக்குப் பிறந்தது. மண்ணெண்ணெயின் ஆவி நாற்பது பாகையை அண்மிய வெப்பத்திலேயே தீப்பற்றும் இயல்பினது. இலேசான, உயர்ந்த, உருண்டையான போத்தலோ பூனை தட்டினாலும் கவிழும், கவிழ்ந்தால் உருளும், உருண்டால் மூடி கழன்று எண்ணெய் சிந்தும். கிடுகுக் கூரையும் பன்பாயும் நுளம்பு வலையும் உள்ள சிறு அறையில் அதன் விளைவை விரித்துரைக்க வேண்டியதில்லை. இலங்கையின் மருத்துவமனைகளுக்குத் தீக்காயத்தோடு வந்தவருள் பலர் இவ்விளக்கினால் எரிந்தவர். அவருள்ளும் பெண்களும் குழந்தைகளும் மிகுதி.

இக்கேட்டிற்கு ஒரு சத்திர சிகிச்சை நிபுணர் கண்ட மாற்று நினைவுகூரத்தக்கது. வைத்தியர் விஜய கொடகும்புர, எரிந்து வந்தோரைக் கண்டு வருந்தி, 1992ஆம் ஆண்டளவில் பாதுகாப்பான குப்பி விளக்கொன்றை வடிவமைத்தார். அது குட்டையானது, கனத்த கண்ணாடியாலானது, எளிதில் கவிழாது. கவிழ்ந்தாலும் உருளாதவாறு அதன் இரு பக்கங்கள் தட்டையாக்கப்பட்டன. எண்ணெய் சிந்தாதவாறு திருகு மூடி பொருத்தப்பட்டது. அக்காலத்தில் நாட்டின் வீடுகளுள் பாதிக்கும் மேற்பட்டவற்றில் மின்சாரம் இல்லை. இலட்சக்கணக்கில் பரவிய அவ்விளக்கு 1998ஆம் ஆண்டில் ரோலெக்ஸ் விருதையும் அவருக்குப் பெற்றுத்தந்தது. ஏழையின் கவனக்குறைவே தீக்குக் காரணம் என அதுவரை கூறப்பட்டது. போத்தலின் வடிவை மாற்றியதும் அதே ஏழை, அதே இருளில், காயமின்றி வாழ்ந்தமை அக்கூற்று எத்துணைப் பிழையானது என்பதைக் காட்டிற்று.

ஓடும் மின்சாரமும்

கூரையின் மாற்றம் மெல்ல நிகழ்ந்தது. 1865ஆம் ஆண்டில் பாசல் மிஷனார் மங்களூரில் தொடங்கிய ஓட்டுத் தொழிற்சாலையின் வழியே தட்டையோடு தென்னாசியாவெங்கும் பரவிற்று. கள்ளிக்கோட்டையின் பெயரால் அது இலங்கையில் அறியப்பட்டது. செல்வர் வீடுகளே முதலில் ஓடு வேய்ந்தன. 1978ஆம் ஆண்டு நவம்பர் மாதத்துச் சூறாவளி மட்டக்களப்பு, அம்பாறைக் கரைகளின் ஓலைக் கூரைகளை வாரிச் சென்றது. 1985, 1990 ஆகிய ஆண்டுகளின் வன்செயல்களில் தமிழர் வீடுகளும் முஸ்லிம்கள் வீடுகளும் எரிக்கப்பட்டன. மனிதன் வேண்டுமென்றே மூட்டிய அத்தீ, விபத்துகளின் வரலாற்றில் அடங்காத தனித் துயரமாகும். 2004ஆம் ஆண்டு டிசெம்பர் 26ஆந் தேதிய ஆழிப்பேரலை இம்மாவட்டத்தில் மட்டும் பல்லாயிரவரைக் கொண்டது. ஒவ்வோர் அழிவின் பின்னும் எழுந்த வீடுகளில் கிடுகு குறைந்து, ஓடும் கல்நார்த் தகடும் சீமெந்துச் சுவரும் பெருகின.

கூரை எரியாப்பொருளாக மாறிய வேளையில் தீ சுவருக்குள் குடியேறிற்று. மின்கம்பியில் பாயும் மின்னோட்டம் இருமடங்கானால் அதில் எழும் வெப்பம் நான்மடங்காகும். இரண்டு மின்குமிழுக்கெனப் பதித்த கம்பியில் குளிர்சாதனப் பெட்டி, மின்னழுத்தி, நீர்ப்பம்பி ஆகியவற்றை இணைத்தால், உறை உருகிக் கம்பிகள் ஒன்றையொன்று தீண்டும். பியூஸ் அடிக்கடி எரிகிறதென்று தடித்த செப்புக் கம்பியைச் சுற்றிவிடும் வழக்கம், எச்சரிக்கும் காவலனைக் கொன்றுவிட்டு உறங்குவதற்கு ஒப்பாகும். பழுதை உணர்ந்து மின்னோட்டத்தைத் துண்டிக்கும் ஆளிகள் இக்குறையைப் பெரிதும் நீக்கின. ஆயினும் பழைய கம்பியுள்ள வீட்டில் ஆளி மட்டும் போதாது.

அடுப்பின் கதையும் இத்தகையதே. வளவின் ஓரத்தில் நின்ற குசினி வீட்டினுள் புகுந்தது. விறகின் இடத்தை எரிவாயு பெற்றது. அவ்வாயு காற்றிலும் கனமானது. கசிந்தால் மேலே செல்லாது தரையிலே தேங்கி, சிறு பொறிக்காகக் காத்திருக்கும். இயல்பில் மணமற்ற அதற்குக் கசிவை உணர்த்தும் பொருட்டே மணப்பொருள் சேர்க்கப்படுகிறது. 2021ஆம் ஆண்டின் இறுதியில் இலங்கையெங்கும் எரிவாயு வெடிப்புகள் நூற்றுக்கணக்கில் நிகழ்ந்தபோது, வாயுக் கலவையின் விகிதம் மாற்றப்பட்டமையே முதன்மைக் காரணம் என அரசு அமைத்த நிபுணர் குழு கண்டது. சமைத்தவர் செய்த பிழை அதில் இல்லை; எரிபொருள் மாறியது, அடுப்பும் குழாயும் மாறவில்லை. அடுத்த ஆண்டின் பொருளாதார நெருக்கடியில் எரிவாயு கிடையாதொழிய, மக்கள் மீண்டும் விறகை நாடினர். புகைபோக்கியற்ற, விறகுக்கென அமையாத சமையலறைகளில் கொள்ளி எரிந்தது.

தமிழகத்தின் மூன்று தீக்கள்

பழைய கூரையும் புதிய சுடரும் கூடுவதன் கொடுமையை அண்டை நாட்டு நிகழ்ச்சிகள் தெளிவுறுத்தும். 1997ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் தஞ்சைப் பெரிய கோயிற் குடமுழுக்கின்போது யாகசாலைக் கீற்றுப் பந்தல் எரிந்து நாற்பதுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். 2004ஆம் ஆண்டு ஜனவரி மாதத்தில் திருவரங்கத்துத் திருமண மண்டபத்தில் படப்பிடிப்புக்கென அமைத்த மின்விளக்கின் இணைப்பிலிருந்து கீற்றுக் கூரையில் தீப் பற்றி ஐம்பதுக்கும் மேற்பட்டோர் இறந்தனர். அவ்வாண்டு ஜூலை 16ஆந் தேதி கும்பகோணத்துப் பள்ளியொன்றில் மதிய உணவுக் கூடத்தில் எழுந்த தீ கூரைக் கீற்றுக்குத் தாவ, 94 குழந்தைகள் கருகினர். அதன் பின்னரே பள்ளிகளின் கீற்றுக் கூரைகளை அகற்ற அரசு ஆணையிட்டது. கீற்றுப் பந்தல் தமிழர்க்குப் புதியதன்று. அதன் கீழ் மின்கம்பியும், நெருங்கிய கூட்டமும், ஒடுங்கிய வழியும் ஒன்றாய்க் கூடியமையே புதியது.

1666ஆம் ஆண்டில் இலண்டன் மாநகரில் ஒரு வெதுப்பகத்தின் அடுப்பிலிருந்து எழுந்த தீ 13,200 வீடுகளை அழித்தமையும் இங்கு ஒப்புநோக்கத்தக்கது. வறண்ட கோடை, மரவீடுகள், வலிய காற்று ஆகிய மூன்றும் அங்கே கூடியிருந்தன. மறு ஆண்டில் செங்கல்லாலும் கல்லாலுமே வீடு கட்ட வேண்டும் எனச் சட்டம் இயற்றப்பட்டது. அழிவின் பின்னரே சட்டம் பிறப்பது அங்கும் இங்கும் ஒன்றே.

திரும்பி வந்த கிடுகு

ஈண்டு அறுகம்பேயின் நிலை சிந்திக்கத்தக்கது. ஏழைகளின் வீட்டிலிருந்து விடைபெற்ற கிடுகு, உல்லைக் கடற்கரையில் உல்லாசப் பயணிகளுக்கென எழுந்த குடில்களில் அழகுப் பொருளாகத் திரும்பி வந்துள்ளது. அலைச்சறுக்கு விளையாட்டுக்காக வெளிநாட்டார் அங்கே பெருகும் பருவம் சித்திரை முதல் புரட்டாதி வரையானது; கச்சான் வீசும் பருவமும் ஏறத்தாழ அதுவே. ஆண்டில் ஓலை மிக உலர்ந்து கிடக்கும் மாதங்களில்தான் குடில்கள் நிரம்புகின்றன. அக்கூரைகளின் கீழ் மின்விசிறியும் மின்னேற்றியும் நுளம்புத் திரியும் எரிவாயு அடுப்பும் இயங்குகின்றன. கொள்ளியை இழுத்து நீர் தெளித்த பழைய கை அங்கு இல்லை. உறங்கும் விருந்தினனோ அக்கூரையின் இயல்பை அறியான். கல்முனையிலிருந்து அவ்விடம் அறுபது கிலோமீற்றருக்கு மேற்பட்ட தொலைவு. உதவி எத்துணை விரைந்து வரினும் ஓலை அதுவரை காத்திராது. கல்முனை, சாய்ந்தமருதுப் பகுதிகளின் குறுகிய ஒழுங்கைகளில் வேறொரு இடர் உண்டு. அங்குக் கூரை எரியாப்பொருளாயினும், சுவரோடு சுவர் நெருங்கிய வீடுகளிடையே பெரிய வண்டி நுழைவது அரிது.

இதனால் கிடுகை வெறுத்தொதுக்க வேண்டும் என்பது முடிவாகாது. அது இந்நிலத்துக்கு இசைந்த கூரை. பலருக்குப் பிழைப்புத் தரும் கைத்தொழில். அதனை மீண்டும் ஏற்பவர் அதனோடு வாழ்ந்த ஒழுங்கையும் ஏற்றல் வேண்டும். அடுப்புக் குடிலிலிருந்து விலகி நிற்றல், குடிலுக்கும் குடிலுக்கும் இடைவெளி விடுதல், மின்கம்பியை ஓலையில் படாது குழாயினுள் செலுத்துதல், கச்சான் காலத்தில் நீரும் மணலும் கைக்கெட்டும் இடத்தில் வைத்தல், வெளியேற இரு வழிகள் அமைத்தல் என்பன பெருஞ்செலவினவல்ல. அவற்றுட் சிலவற்றை எழுத்தறியாத முன்னோரே கைக்கொண்டிருந்தனர்.

தீயை ஊழெனக் கொள்ளும் சமுதாயம் அழுது ஓய்ந்து, அடுத்த தீக்குக் காத்திருக்கும். எரிந்தவரின் கவனக்குறைவெனக் கொள்ளும் சமுதாயம் இறந்தவரைக் கடிந்து அமையும். கூரை, விளக்கு, அடுப்பு, கம்பி ஆகியவற்றை வரிசையாக வைத்து, எது மாறிற்று, எது மாறாது நின்றது என வினவும் சமுதாயமே போத்தலைத் திருத்தும், பந்தலைத் திருத்தும், உயிரைக் காக்கும். வீட்டுத் தீயின் வரலாற்றைக் கற்பதன் பயன் அதுவே.