வானொலி: நஞ்சும் மருந்தும்

'நாலு பேர் சொல்கிறார்களே!' என்று எதையேனும் நீங்கள் நம்பியதுண்டா? பிரசாரத்தின் வலிமை பெரிதும் இதில்தான் அடங்கியிருக்கிறது. ஆப்பிரிக்க நாடான ருவாண்டாவின் வரலாற்றைப் பாருங்கள்.

அங்கு 1993-இல் ஹூட்டு தீவிரவாதிகள் ஆர்.டி.எல்.எம். என்னும் வானொலி நிலையத்தைத் தொடங்கினர். பாட்டாலும் வேடிக்கைப் பேச்சாலும் அது மக்களைக் கவர்ந்தது; இடையிடையே துட்சி இனத்தவரைக் 'கரப்பான் பூச்சிகள்' என்று இழித்தது. 1994 ஏப்ரலில் இனப்படுகொலை தொடங்கியதும், கொல்லும்படி வெளிப்படையாகவே தூண்டியது. சுமார் நூறு நாட்களில் மாண்டோர் ஏறத்தாழ 8 லட்சம் பேர். வானொலி மட்டுமே இதற்குக் காரணமன்று; ஆயினும் அதன் பங்கு பெரிது.

அதே நாட்டில் 2004-இல் 'முசெகெவேயா' என்ற வானொலித் தொடர் நாடகம் தொடங்கியது. பகைகொண்ட இரு கிராமங்கள் இணங்கி வாழ முயலும் கதை அது. அதைக் கேட்டவர்களை உளவியலாளர் எலிசபெத் லெவி பாலக் ஓராண்டு ஆராய்ந்தார். அவர்களுடைய சொந்த நம்பிக்கைகள் அதிகம் மாறவில்லை. ஆனால், 'ஊரார் எதைச் சரியென ஏற்பர்' என்ற கணிப்பு மாறியது. அதனுடன் நடத்தையும் மாறியது.

எனவே, 'எல்லோரும் சொல்கிறார்கள்' என்று கேட்கும்போது சற்று நில்லுங்கள். சொல்வது யார்? யாரை மனிதரல்லர் என்கிறார்கள்? இவ்விரு கேள்விகளையும் கேட்டுப் பாருங்கள்.