வீட்டில் நகை கழுவுதல் (புதுச்சேரி)

பொன், வெள்ளி, கல் நகைகளில் படிந்த அழுக்கையும் கறுப்பையும் அடுப்படிப் பொருள்களைக் கொண்டே நீக்கும் வழக்கம் இது. வங்கக் கடலோரத்தில் இருக்கும் புதுச்சேரி நகரில் இதற்குத் தேவை அதிகம். உப்பும் ஈரமும் கலந்த காற்றில் செம்பின் மேல் முலாம் பூசிய கவரிங் நகை பச்சை பூக்கும். வெள்ளிக் கொலுசும் கறுக்கும். 22 காரட் தங்கத்தில் 91.6 விழுக்காடு பொன் என்பதால் அது எளிதில் கறுக்காது. அதன் மேல் படிவது வியர்வையும் எண்ணெயும் சோப்பும்தான். தாலி என்றால் மஞ்சளும் குங்குமமும் சேரும்.

ஆகவே தங்கத்துக்குப் புளி, எலுமிச்சை எதுவும் வேண்டாம். பிசுக்கு போனால் போதும்; அதற்குப் பூந்திக்கொட்டையே கைகண்டது. நாலைந்து கொட்டைகளின் விதையை நீக்கி, தோலை வெதுவெதுப்பான நீரில் ஊறவைத்துப் பிசைந்தால் நுரை பொங்கும். தோலிலுள்ள சபோனின் எண்ணெயைப் பிரித்தெடுக்கும். நகையை அதில் கால் மணி நேரம் போட்டு, மிருதுவான பழைய பிரஷ்ஷால் தேய்த்து, கிண்ணத்து நீரில் அலச வேண்டும். குழாயடியில் அலசவே கூடாது. கழன்ற திருகாணி தண்ணீரோடு போய்விடும்.

வைரம் தண்ணீரை ஒட்டவிடாது, எண்ணெயை ஒட்டவைத்துக்கொள்ளும். தலைக்குத் தேங்காயெண்ணெய் வைப்பவரின் வைரத்தோட்டைத் திருப்பிப் பார்த்தால் கல்லின் முதுகில் மெழுகு போல ஒரு படலம் அப்பியிருக்கும். கல் மங்கியதற்கு அதுவே காரணம். பூந்தி நீரே அதையும் எடுத்துவிடும். ஆனால் பின்புறம் மூடிக் கட்டிய பழைய கெம்பு நகையை நீரில் போடக் கூடாது. கல்லுக்கு அடியிலுள்ள மின்னும் தாள் நனைந்து கறுத்தால், பாட்டி காலத்து அட்டிகையின் ஒளி அதோடு போயிற்று. உள்ளே அரக்கு நிரப்பிய தாலிக்குண்டுக்கு வெந்நீர் ஆகாது.

வெள்ளியின் கறுப்பு, கந்தகம் சேர்ந்து உண்டான வெள்ளி சல்பைடு. அதைத் திருநீறு போட்டுத் தேய்ப்பது ஊர் வழக்கம். தேய்க்கத் தேய்க்கச் சிறிது வெள்ளியும் போகும். கண்ணாடிப் பாத்திரத்தில் அலுமினியத் தாளை விரித்து, கொலுசு அதைத் தொடும்படி வைத்து, ஆப்பசோடாவும் உப்பும் கலந்த கொதிநீரை ஊற்றுவது மேல். கந்தகம் வெள்ளியை விட்டு நீங்கும். லேசாக அழுகிய முட்டை நாற்றம் வரும். கல் பதித்தவற்றுக்கும், வேண்டுமென்றே கறுப்பேற்றிய வேலைப்பாட்டுக்கும் இம்முறை கூடாது.

புதுச்சேரிக்குத் தெற்கே, 1945-ல் மார்ட்டிமர் வீலர் அகழ்ந்த அரிக்கமேட்டில் கிடைத்த சூதுபவள மணிகள் இரண்டாயிரம் ஆண்டு மண்ணுக்குள் கிடந்தும் பளபளப்பு மாறாதவை. அவை குவார்ட்சு வகை. மோஸ் அளவில் கடினம் 7. பெயரில்தான் பவளம். உண்மையான பவளமும் முத்தும் கால்சியம் கார்பனேட்டால் ஆனவை. வினிகரோ எலுமிச்சையோ பட்டால் மேற்பரப்பு கரையும். ஈரத்துணியால் ஒற்றித் துடைப்பதோடு நிறுத்த வேண்டும்.

வீதியில் பாலிஷ் போட வருபவரிடம் நகையைக் கொடுப்பது ஆபத்து. மோசடிக்காரர் வைத்திருப்பது மூன்று பங்கு ஹைட்ரோகுளோரிக் அமிலமும் ஒரு பங்கு நைட்ரிக் அமிலமும் கலந்த இராசத் திராவகம், தங்கத்தையே கரைக்கும். நகையை அதில் முக்கி எடுத்து, மஞ்சள் நீரில் போட்டு, ஆறட்டும் என்று சொல்லிப் போய்விடுவார்கள். தராசில் வைக்கும்போதுதான் குறைவு தெரியும்.