துறைமுக நகரில் ஒரு டச்சுக் கோயில்

தூத்துக்குடிக்குச் செல்வோர் பலர், பழைய துறைமுகத்தின் அருகே நிற்கும் அந்தச் சிறு கோயிலை ஏறெடுத்தும் பாரார். சுற்றிலும் வாணிகத் தலங்கள். சாலையெங்கும் வாகன இரைச்சல். இவற்றினிடையே ஒதுங்கி நிற்கும் பரிசுத்த திரித்துவ ஆலயம், 1750-ஆம் ஆண்டில் டச்சுக்காரர் எழுப்பியதாகும்.

மாணவ நேயர்களே! 1658-இல் போர்த்துகீசியரிடமிருந்து இவ்வூரைக் கைப்பற்றிய டச்சுக்காரர், இடையிடையே ஆங்கிலேயரிடம் இழந்தும் மீண்டும் பெற்றும், 1825 வரை இதனைத் தம் உடைமையாகக் கொண்டிருந்தனர். முத்தும் சங்கும் கைத்தறித் துணியும் அவர்களுடைய வாணிகப் பொருள்கள். அத்துணைச் செல்வம் திரட்டியவர்கள் கட்டிய கோயில் இத்துணைச் சிறியதாக இருப்பானேன்? இக்கேள்வி என்னை நெடுநாள் உறுத்தியதுண்டு.

இதற்கு விடை தேட நாம் தொலைவு போக வேண்டியதில்லை. அதே ஊரில், அதே கடலை நோக்கி நிற்கிறது பனிமய மாதா ஆலயம். பரதவர் 1530-களிலேயே கத்தோலிக்க சமயத்தைத் தழுவியவர்கள். சீர்திருத்தச் சபையினரான டச்சுக்காரரோ, வந்தவுடன் கத்தோலிக்கக் குருமாரை அகற்றினர். மக்களைத் தம் சபைக்கு இழுக்கவும் முயன்றனர். பரதவர் இணங்கவில்லை. கம்பெனியாரும் ஓரளவுக்கு மேல் வற்புறுத்த இயலவில்லை. மூச்சை அடக்கிக் கடலடியில் இறங்குவோர் முகம் திருப்பிக்கொண்டால் முத்து ஏது? வருவாய்தான் ஏது? முடிவில், டச்சு ஆதிக்கம் நிலவிய 1713-ஆம் ஆண்டிலேயே மாதா ஆலயம் ஓங்கி எழுந்தது. ஆளப்பட்டோரின் கோயில் பெரிது. ஆண்டோரின் கோயில் சிறிது! டச்சுக் கோயிலுக்கு வந்து தொழுவோர் பெரும்பாலும் கம்பெனி ஊழியரும் அவர்தம் குடும்பத்தாருமே என்றால், அதற்குப் பெரிய மண்டபம் எதற்கு? அதன் சிறுமைக்குக் காரணம் இதுவே என்பது என் கருத்து.

இன்னொரு வேடிக்கையையும் சொல்லிவிடுகிறேன். டச்சுக் கம்பெனியின் பெயரைச் சுருக்கினால் வி.ஓ.சி. என்ற மூன்று எழுத்துக்கள் வரும். அதன் காசுகளிலும் பீரங்கிகளிலும் அவற்றையே பொறித்தனர். 1906-இல் அந்நியக் கப்பல் கம்பெனிக்கு எதிராகச் சுதேசிக் கப்பலை இதே துறைமுகத்தில் ஓட்டிய வ. உ. சிதம்பரம் பிள்ளையின் ஆங்கிலத் தலைப்பெழுத்துக்களும் அவையே! 2011 முதல் தூத்துக்குடித் துறைமுகம் அவர் பெயரையே தாங்கி நிற்கிறது.

டச்சுக்காரர் நாடிவந்த முத்துக்குளிப்பு, 1961-க்குப் பின் இக்கடலில் நடைபெறவில்லை. அவர்கள் விட்டுச்சென்ற சிறு கோயிலில், தென்னிந்தியத் திருச்சபையார் இன்றும் வழிபாடு நடத்தி வருகின்றனர்.