கூஸ்கோவின் கற்சுவர்கள்

பெரு நாட்டின் கூஸ்கோ நகரை வழிகாட்டியுடன் நடந்தே காண்பது நலம். மெதுவாக நடப்பது இன்னும் நலம். ஏனெனில் அந்நகரம் ஆண்டீஸ் மலையில் ஏறத்தாழ 3,400 மீட்டர் உயரத்தில் உள்ளது. ஹாத்துன் ரூமியோக் என்னும் குறுகிய தெருவில் பன்னிரண்டு கோணங்கள் கொண்ட கல்லொன்று, சாந்தின்றியே அண்டைக் கற்களோடு இழைந்து நிற்கிறது. பார்க்கலாம், தொடலாகாது.

அடுத்தது கொரிக்கான்சா, இன்கா மக்களின் கதிரவன் கோயில். 1533-இல் ஸ்பானியர் அதன் பொற்றகடுகளைப் பெயர்த்தெடுத்தனர். பின்னர் அச்சுவர்கள்மீதே சாந்தோ தோமிங்கோ மடம் எழுந்தது. 1950 மே 21-இல் நிலம் நடுங்கிற்று. மடத்தின் பல பகுதிகள் இடிந்தன; உள்ளே மறைந்திருந்த இன்கா சுவர்களோ பெரிதும் குலையாமல் வெளிப்பட்டன. மடத்தை முன்போலவே கட்டுவதா, பழஞ்சுவர்களைத் திறந்து வைப்பதா என்று வாதம் எழுந்தது. ஒன்றை அழித்து மற்றதைக் காக்க மனம் வரவில்லை போலும்! இன்று மடத்து முற்றத்தைச் சுற்றியே கோயிலின் அறைகளைக் காணலாம். உள்நோக்கிச் சாய்ந்த சுவர்களையும், மேலே குறுகிக் கீழே அகன்ற வாயில்களையும் சுட்டி, நடுக்கத்தைத் தாங்கிய நுட்பம் இதுவே என்கிறார் வழிகாட்டி.