வழிதவறி வந்த மாடு



2009 ஜூனில் ‘பார்ம்வில்’ முகநூலுக்கு வந்தது. வாவிக்கு அப்பால் உண்மையான வயல் வைத்திருந்தவர்களும் கம்பியூட்டரில் தக்காளி நட்ட காலம். “வழிதவறிய மாடொன்று பண்ணைக்கு வந்திருக்கிறது” என்று விளையாட்டு எழுதிய வசனம் நம் பெயரில் நண்பர்களுக்குப் போகும். தொல்லை கூடியதால் 2010 மார்ச்சில் விளையாட்டுகளின் அறிவித்தல்களை முகநூல் நிறுத்தியது.

மாட்டைப் பார்த்துச் சிரித்த நாம், அனுமதி கேட்ட பெட்டியை வாசிக்கவில்லை. ஒரு செயலிக்கு நாம் ‘சரி’ சொன்னால் நம் நண்பர்களின் விபரங்களும் அதற்குக் கிடைத்தன. அன்றைய விதி அது. 2013 இல் அலெக்சாண்டர் கோகன் என்ற ஆய்வாளர் செய்த ஆளுமைப் பரீட்சைச் செயலியை ஏறத்தாழ 3 இலட்சம் பேர்தான் பயன்படுத்தினார்கள். விபரம் போனதோ 8 கோடி 70 இலட்சம் பேர் வரை. இலங்கைச் சனத்தொகையின் நான்கு மடங்கு!

அது கேம்பிரிட்ஜ் அனலிட்டிகாவின் கைக்குப் போன கதை 2018 மார்ச் 17 இல் வெடித்தது. திகன வன்முறையை அடுத்து இங்கு முடக்கிய முகநூலைத் திறந்து இரண்டே நாள். நமக்கு அப்போது வேறு கவலை.

செயலிகள் நம் பெயரில் நேரடியாகப் பதிவிடும் வசதி அந்த ஆகஸ்ட் 1 இல்தான் நீங்கியது. பழைய விளையாட்டுகளின் பெயர்கள் அமைப்புகளில், செயலிகள் பகுதியில் இன்னும் கிடக்கலாம். நீக்கும்போது, அவை முன்பு போட்ட பதிவுகளையும் அழிக்கவா என்று ஒரு சிறு கட்டம் கேட்கும். அதையும் அழுத்திவிடுங்கள்.