கொம்புள்ளதும் கொம்பற்றதும்: ஆழ்கடல் தூண்டில் மீனின் பெயர் வரலாறு

'செராட்டியஸ்' என்பது ஆழ்கடல் தூண்டில் மீன்களில் ஒரு பேரினத்தின் பெயர். கொம்பைக் குறிக்கும் 'கெராஸ்' என்ற கிரேக்கச் சொல்லே இதன் வேர். காண்டாமிருகத்தின் 'ரைனோசெரஸ்' என்ற பெயரிலும், நகத்திலும் முடியிலும் உள்ள 'கெரட்டின்' என்ற புரதத்தின் பெயரிலும் இருப்பது அதே வேர்தான். இந்தப் பேரினத்தை முன்னிட்டு, ஒளி எட்டாத கடலில் வாழும் தூண்டில் மீன்களின் கூட்டம் முழுவதும் 'செராட்டியாய்டு' எனப்படுகிறது. இக்கூட்டத்தில் இன்று 11 குடும்பங்களும் ஏறத்தாழ 170 இனங்களும் உள்ளன. 'கொம்புள்ளவை' என்ற இப்பெயர் இக்கூட்டத்தின் பெண் மீன்களுக்கு மட்டுமே பொருந்தும். அது தெரியாமல் இருந்த காலத்தில், கொம்பில்லாத மீன்களுக்கு 'ஏசெராட்டியஸ்' என்ற எதிர்ப்பெயர் உண்டாயிற்று. அந்த இரண்டாம் பெயர் எப்படித் தோன்றி எப்படி மறைந்தது என்பதே இம்மீன்களைப் பற்றிய அறிவின் வரலாறு.

கொம்பு என்று சொல்லப்படுவது உண்மையில் கொம்பன்று. முதுகுத் துடுப்பின் முதல் கதிர் முன்னேறி, மூக்கின் மேல் வந்து, தனித்த கோலாக நீண்டது அது. இக்கோலுக்கு விலங்கியலில் 'இல்லீசியம்' என்றும், அதன் நுனியிலுள்ள சதைக் குமிழுக்கு 'எஸ்கா' என்றும் பெயர். இரண்டும் லத்தீன் சொற்கள். முன்னது ஆசைகாட்டி இழுப்பதையும் பின்னது இரையையும் குறிக்கும். தமிழில் தூண்டிற்கோல், இரை என்ற சொற்கள் ஆயத்தமாகவே இருக்கின்றன. தூண்டிலுக்கு வேண்டியவற்றில் இந்த மீனிடம் இல்லாதது முள் ஒன்றுதான். அந்த வேலையை உள்நோக்கி வளைந்த பற்கள் செய்கின்றன. பெரும்பாலான இனங்களில் இரைக் குமிழுக்குள் ஒளிவிடும் பாக்டீரியாக்கள் குடியிருக்கின்றன.

தூண்டில் என்ற உவமை இம்மீன்களுக்கு மிகப் பழையது. கரையோரக் கடலின் அடியில் வாழும் உறவு மீன் ஒன்றை அரிஸ்டாட்டில் தம் விலங்குகளைப் பற்றிய நூலில் தவளையின் பெயரால் குறித்திருக்கிறார். கண்களுக்கு முன்னால் உள்ள இழைகளை அசைத்து அது சிறு மீன்களை அருகே வரவழைப்பதையும் எழுதியிருக்கிறார். 1758-இல் லின்னேயஸ் அம்மீனுக்கு 'லோஃபியஸ் பிஸ்கடோரியஸ்' என்று பெயரிட்டபோது, இரண்டாம் சொல்லாக மீன்பிடிப்பவனைக் குறிக்கும் சொல்லையே வைத்தார். ஆழ்கடல் உறவினர்கள் இருப்பது அதற்குப் பின் முக்கால் நூற்றாண்டு வரை தெரியவில்லை. தெரிய வந்ததும் வலையினால் அல்ல. 1833-இல் கிரீன்லாந்தின் கோட்ஹாப் அருகே ஒரு மீன் கரையொதுங்கியது. அதை 1837-இல் யோஹானஸ் ரைன்ஹார்ட் 'ஹிமாண்டோலோபஸ் குரோன்லாண்டிகஸ்' என்ற பெயரில் விவரித்தார். 'வார் போன்ற கொண்டை' என்பது அதன் பொருள். ரைன்ஹார்டின் கண்ணில் அந்த உறுப்பு தோல்வாராகப் பட்டது. அடுத்து வந்த டென்மார்க் அறிஞர் ஹென்ரிக் குரோயரின் கண்ணில் அது கொம்பாகப் பட்டது. 1840-களின் நடுவில் அவர் விவரித்த கிரீன்லாந்து மீன்தான் 'செராட்டியஸ் ஹோல்போலி'. கிரீன்லாந்தில் பணியாற்றிய கடற்படை அதிகாரி ஹோல்போலின் நினைவாக இரண்டாம் சொல் அமைந்தது.

பின்வந்த பெயர்களில் அக்கால ஆய்வாளர்களின் வியப்பு தெரிகிறது. 1864-இல் ஆல்பர்ட் குந்தர் மடீரா கடலில் கிடைத்த, தன்னைவிடப் பெரிய மீனொன்றை விழுங்கியிருந்த கறுப்பு மீனுக்கு 'மெலனோசீட்டஸ்' என்று பெயரிட்டார். கறுப்புக் கடற்பூதம் என்று சொல்லலாம். 1871-இல் லுட்கென் வைத்த 'ஒனைரோடஸ்' என்ற பெயருக்குக் 'கனவு போன்றது' என்று பொருள். 1883-இல் தியோடர் கில் வைத்த 'கிரிப்டோப்சாரஸ்' மறைந்திருக்கும் மீனவனைக் குறிக்கிறது. ராபர்ட் கொலெட் 1886-இல் உருவாக்கிய 'லினோஃபிரைனி' வலைத் தேரை. வங்கக் கடலுக்கும் இந்த வரிசையில் இடமுண்டு. 'இன்வெஸ்டிகேட்டர்' ஆய்வுக் கப்பலில் மருத்துவராகவும் இயற்கையறிஞராகவும் பணிபுரிந்த ஆல்ஃபிரட் ஆல்காக், அங்கே கிடைத்த தூண்டில் மீனுக்கு 1890-இல் 'பாரொனைரோடஸ்' என்று பெயரிட்டார். ஒனைரோடசை ஒத்தது என்பது கருத்து. கனவு, பூதம், தேரை, மீனவன் என்று உவமைகள் மாறினாலும் கோல் மாறவில்லை. அது இருந்தால் இக்கூட்டம், இல்லையென்றால் வேறு என்பதே நடைமுறை அளவுகோலாகிவிட்டது. கையில் கிடைத்த பெரிய உடல்கள் அனைத்தும் பெண் மீன்களுடையவை என்பதை அன்று யாரும் பொருட்படுத்தவில்லை.

1898–99-இல் 'வால்டிவியா' என்ற ஜெர்மானியக் கப்பல் அட்லாண்டிக்கிலும் இந்தியப் பெருங்கடலிலும் ஆழ வலை வீசியது. அதன் மீன்களை ஆராய்ந்த ஆகுஸ்ட் பிரௌவர், சில சிறு மீன்களைக் கண்டு தடுமாறினார். உடலமைப்பில் அவை தூண்டில் மீன்களை ஒத்திருந்தன. ஆனால் தலையில் கோல் இல்லை. 1902-இல் அவற்றுக்கு அவர் வைத்த பெயர் 'ஏசெராட்டியஸ்'. நீதிக்கு எதிராக அநீதி அமைவதுபோல, செராட்டியசுக்கு எதிராகக் கிரேக்க மறுப்பு முன்னொட்டைச் சேர்த்து அமைந்த சொல் இது. நாளடைவில் இத்தகைய மீன்கள் 'ஏசெராட்டிடே' என்ற தனிக் குடும்பமாக எண்ணப்பட்டன. பிரௌவரின் விவரிப்பில் பிழையில்லை. கோல் இல்லை என்றார், இல்லைதான். தனிக் குடும்பம் என்ற முடிவுதான் தவறிற்று. இல்லாத ஓர் உறுப்பை அடையாளமாகக் கொண்டு ஒரு கூட்டத்தைக் கட்டினால், அந்த இன்மைக்கு வேறு காரணம் தெரிய வரும் நாளில் கட்டியது சரியும். அந்த நாள் வர முப்பது ஆண்டுகூட ஆகவில்லை.

1922-இல் ஐஸ்லாந்தின் பியார்னி சைமுன்சன், ஒரு பெரிய செராட்டியஸ் ஹோல்போலி மீனின் வயிற்றில் மூக்கால் ஒட்டிக்கொண்டிருந்த இரண்டு சிறு மீன்களைப் பற்றி எழுதினார். அவற்றைத் தாயும் குஞ்சுகளும் என்று கருதினார். குஞ்சுகள் எப்போது, எப்படி ஒட்டின என்பது அவருக்கு விளங்கவில்லை. கண்டதைக் கண்டபடி எழுதி, புரியாததைப் புரியவில்லை என்று விட்டதால்தான் அந்தக் குறிப்பு பின்வந்தவருக்குப் பயன்பட்டது. 1925-இல் லண்டனின் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தில் சார்லஸ் டேட் ரீகன் அதே இனத்தின் மற்றொரு பெண் மீனைப் பெற்றார். அதன்மீதும் சிறு மீன் ஒன்று ஒட்டியிருந்தது. ரீகன் அதை அறுத்துப் பார்த்தார். சிறு மீனின் வாய்த் திசு பெரிய மீனின் தோலோடு பிணைந்திருந்தது. இரத்தக் குழாய்கள் இணைந்திருந்தன. குடல் சுருங்கிப் பயனற்றுப் போயிருந்தது. அது குஞ்சன்று, முதிர்ந்த ஆண். இருட்டில், பரந்த நீரில், மெதுவாக நீந்தும் தனித்த மீன்களுக்கு இணை கிடைப்பது அரிது; கிடைத்த இணையை விடாமல் பற்றிக்கொள்வதே இதன் பயன் என்று அவர் விளக்கினார்.

இவ்வுறவுக்கு ரீகன் பயன்படுத்திய சொல் 'ஒட்டுண்ணி' என்பதன் ஆங்கில இணை. அதன் கிரேக்க மூலம் பிறர் பந்தியில் அமர்ந்து உண்பவனைச் சுட்டும். தமிழ்ச் சொல்லில் ஒட்டுதல், உண்ணுதல் என்ற இரண்டு வினைகளும் வெளிப்படையாக உள்ளன; ஆண் செராட்டியஸ் செய்வதும் அந்த இரண்டையே. ஆயினும் வழக்கில் ஒட்டுண்ணி என்பது வேறோர் உயிரினத்தின் மேல் வாழ்ந்து அதற்குத் தீங்கு செய்வது. இங்கே இரண்டும் ஓரினம். ஆண் உணவு பெறுகிறது, விந்து தருகிறது. அதனால் 'பாலியல் ஒட்டுண்ணித்தன்மை' என்ற அடைமொழி சேர்ந்த தொடர் நிலைபெற்றது. மாங்கன்று ஒட்டில் தமிழர் காணும் பொருள் இதற்கு இன்னும் நெருக்கமானது: இரு தண்டுகளின் வெட்டுவாய்கள் சேர்ந்து ஒரே சாறு ஓடத் தொடங்கும் ஒட்டு அது. ரீகன் கத்தியின் கீழ் கண்டது அத்தகைய ஒட்டைத்தான்.

ஒட்டிய ஆண்களுக்குக் கோல் இல்லை. ஒட்டாமல் திரியும் ஏசெராட்டியசுக்கும் கோல் இல்லை. இரண்டையும் சேர்த்துப் பார்த்தவர் ஆல்பர்ட் ஐடே பார். ஏசெராட்டிடே என்ற குடும்பம் முழுவதும், பெண்ணை இன்னும் சந்திக்காத ஆண் தூண்டில் மீன்கள்தான் என்று 1930-இல் அவர் வாதிட்டார். 'கொம்பற்றவை' என்ற குடும்பத்துக்கு அதன்பின் இடமில்லை. அதன் உறுப்பினர்களை அவரவர் வீட்டுக்கு அனுப்பும் வேலை தொடங்கிற்று. டென்மார்க்கின் 'டானா' பயணங்கள் சேர்த்த மீன்களைக் கொண்டு ரீகனும் எதல்வின் ட்ரெவாவஸும் 1932-இல் ஒரு பெருநூல் எழுதினர். எரிக் பெர்டெல்சன் 1951-இல் இளவுயிரிகளையும் ஆண்களையும் பெண்களையும் ஒன்றோடொன்று பொருத்தினார். ஆணுக்கும் பெண்ணுக்கும் உருவத்தில் ஒற்றுமை இல்லாத இடத்தில் துணை நின்றது எண்ணிக்கை: துடுப்புக் கதிர்களின் தொகை பாலுக்கேற்ப மாறுவதில்லை.

பெர்டெல்சன் நூலின் செய்திகளில் இப்பெயர் வரலாற்றுக்கு மிக முக்கியமானது இளவுயிரிகளைப் பற்றியது. மேல்மட்ட நீரில், பெரும்பாலும் 200 மீட்டருக்குள் வளரும் அவற்றில், பெண்ணின் மூக்கில் கோலின் முளை சிறு குமிழாக வெளியே தெரியும், ஆணில் தெரியாது. அதனால் மிகச் சிறு வயதிலேயே பால் பிரித்தறிய முடிந்தது. ஆணிடம் கோலுக்குரிய எதுவுமே இல்லை என்பதும் உண்மையன்று. கோலைத் தாங்கும் அடியெலும்பு தோலுக்கடியில் இருக்கிறது. பெரும்பாலான குடும்பங்களில், பெண்ணைக் கவ்விப் பிடிக்க உதவும் மேல் பல்தட்டோடு அது தொடர்பு கொள்கிறது. பெண்ணுக்கு இரைபிடிக்கும் கருவியான அதே உறுப்பின் அடி, ஆணுக்குத் துணைபிடிக்கும் கருவியின் பகுதி. 'கொம்பற்றது' என்ற பெயர் இவ்வகையிலும் அரைகுறையாகிறது.

குடும்பம் கலைந்தபின் பெயர்கள் என்னவாயின என்பதை விலங்கியல் பெயரீட்டு விதிகள் தீர்மானித்தன. ஒரே உயிருக்கு இரு பெயர் இருந்தால் முந்தியது நிற்கும். பெயர் ஆணுக்கு வைத்ததா பெண்ணுக்கா என்பது கணக்கில்லை. ஏசெராட்டியஸ் என்ற 1902-ஆம் ஆண்டுப் பெயர் 1886-இன் லினோஃபிரைனிக்குள் அடங்கியது. ஆனால் பிரௌவர் தம் மீன்களில் ஒன்றுக்கு வைத்த 'இண்டிகஸ்' என்ற அடைமொழி அழியவில்லை. 'லினோஃபிரைனி இண்டிகா' என்ற இனப்பெயரில் அது இன்றும் வாழ்கிறது. எதிர்த்திசையிலும் ஒரு சான்று உண்டு. 1914-இல் பாப்பன்ஹைம் விவரித்த 'நியோசெராட்டியஸ் ஸ்பினிஃபர்', பெயரளவில் 'புதிய கொம்புமீன்'. அதன் பெண்ணுக்கும் கோல் கிடையாது.

மீனே கைக்கு வராமல் பெயர் மட்டும் பிறந்ததும் உண்டு. பெர்முடாக் கடலில் எஃகுக் கோளத்துக்குள் அமர்ந்து இறங்கிய வில்லியம் பீபே, சாளரம் வழியே மூன்று ஒளிக்கோல் கொண்ட தூண்டில் மீனைக் கண்டதாகக் கூறி, 1934-இல் 'பாத்திசெராட்டியஸ் டிரைலிக்னஸ்' என்று பெயரிட்டார். ஆழத்துக் கொம்பன், மூவிளக்கன். அப்படியொரு மீன் இதுவரை எந்த வலையிலும் விழவில்லை.

ஒட்டுண்ணி என்ற சொல்லின் எல்லையையும் பின்னாள் ஆய்வு திருத்தியது. எல்லா ஆண்களும் நிலையாக ஒட்டுவதில்லை என்று தியோடர் பீட்ச் 1976 முதல் எழுதிவந்தார். செராட்டியஸ் குடும்பத்திலும் லினோஃபிரைனி குடும்பத்திலும் ஒட்டினால்தான் ஆண் முதிரும். மெலனோசீட்டசில் ஆண் சிறிதுநேரம் பற்றி விட்டு விலகும். சிலவற்றில் இரண்டும் இயலும். கிரிப்டோப்சாரசின் ஒரே பெண்ணின் மேல் எட்டு ஆண்கள் வரை காணப்பட்டுள்ளன. 'ஃபோட்டோகோரினஸ் ஸ்பினிசெப்ஸ்' இனத்தில், 46 மில்லிமீட்டர் பெண்ணோடு ஒட்டியிருந்த முதிர்ந்த ஆணின் நீளம் 6.2 மில்லிமீட்டர். உயிரோடு இருக்கும் இணை 2016-இல்தான் படமாக்கப்பட்டது: அசோர்ஸ் தீவுகளில் சாவோ ஜார்ஜுக்கு அருகே, சுமார் 800 மீட்டர் ஆழத்தில், இழைகள் விரித்த 'காலோஃபிரைனி ஜோர்டானி' பெண்ணும் அதன் அடியில் தொங்கிய ஆணும்.

ஒட்டு என்றால் அந்நிய உடல். அந்நிய உடலை உயிர் ஏற்பதில்லை. மனிதருக்கு வேறொருவர் சிறுநீரகம் பொருத்தும்போது எழும் சிக்கல் இந்தப் பெண் மீனுக்கு ஏன் எழவில்லை என்ற கேள்விக்கு 2020-இல் விடை கிடைத்தது. தாமஸ் போயம் குழுவினரும் பீட்சும் மரபணுக்களை ஒப்பிட்டதில், எதிர்ப்புப் புரதங்களைக் கூர்மைப்படுத்தும் மரபணு இம்மீன்கள் பலவற்றில் செயலிழந்திருந்தது. நிலையாக ஒட்டும் சில இனங்களில், எதிர்ப்புப் புரதங்களையும் டி செல்களின் உணர்விகளையும் உருவாக்கத் தேவையான மரபணுக்களும் கெட்டிருந்தன. அவை நோயை எதிர்ப்பது வேறு வழிகளில்.

ஏசெராட்டிடேயின் கதை தனித்ததன்று. 2009-இல் திமிங்கில மீன்கள், வால்நாடா மீன்கள், பெருமூக்கு மீன்கள் என்று மூன்று குடும்பங்களாக நூல்களில் இருந்தவை ஒரே குடும்பத்தின் பெண், இளவுயிரி, ஆண் என்று மெய்ப்பிக்கப்பட்டது. தூண்டில் மீன்களிலும் கணக்கு இன்னும் முடியவில்லை. பல இனங்கள் பெண்ணை மட்டும் கொண்டு அறியப்பட்டவை. தனித்துத் திரியும் லினோஃபிரைனி ஆண்களைப் பேரினம் வரைதான் சொல்ல முடிகிறது. எந்த ஆணுக்கு எந்தப் பெண்ணின் பெயர் உரியது என்பதை, ஒட்டிய நிலையில் கிடைக்கும் இணைகளும் டிஎன்ஏ ஒப்பீடும் ஒவ்வொன்றாகத் தீர்த்துவருகின்றன.