கிரீன்ஸ்டெட் மரக்கோயிலின் காலம்

இங்கிலாந்தின் எசெக்சு மாவட்டத்துச் சிற்றூரான கிரீன்ஸ்டெட்டின் பங்குக் கோயிலில், நடுக்கூடச் சுவர்கள் பிளந்த ஓக் மரங்களாலானவை. தட்டைப்புறம் உள்ளும் உருண்டைப்புறம் வெளியுமாக 51 மரங்கள் நிற்கின்றன.

புனித எட்மண்டின் உடல் 1013இல் ஆங்கர் ஊரருகே தங்கிய மரக்கோயில் இதுவே என்பது வழக்கு. மர வளையங்களைக் கொண்டு 845 எனவும் முன்னர்க் காலம் கணித்தனர். 1995ஆம் ஆண்டின் மறு ஆய்வோ, மரங்கள் 1053க்குப் பின்னரே வெட்டப்பட்டன எனக் காட்டிற்று. இன்றுள்ள சுவர்கள் அவ்வுடலைக் கண்டிருக்க இயலாது. எனினும் வழக்கை அறவே தள்ளுதல் பொருந்தாது. 1960இல் நிகழ்ந்த அகழாய்வில் பீடப்பகுதியின் அடியில் முந்தைய மரக்கட்டடங்கள் இரண்டின் சுவடுகள் கிடைத்தன; வழக்கு அவற்றுள் ஒன்றைச் சுட்டலாம். அப்பீடப்பகுதியும் இன்று செங்கல்லாலானதே.

1848இல் செப்பனிட்டோர் உளுத்த அடிமரங்களை அறுத்துச் செங்கல் வரிசைமீது நிறுத்தினர். ஆதலின் இன்றைய மரங்களின் நீளம் பண்டை நீளமன்று.